பட்டுடுத்தி வந்த மலை

"கேமராவுக்கு முன்னாடி நிக்கிற பொண்ணுங்களைத் தெரியும். பின்னாடி நிக்கப் பொண்ணு எதுக்கும்மா?"

எங்கள் சென்னை ஸ்டூடியோ மானேஜர் ஒருமுறை என்னிடம் இப்படிக் கேட்டார். அவர் வாய் நிறைய வெற்றிலை. நான் என் மேஜைக்குத் திரும்பி வந்து, அடுத்த கடிதத்தைக் கொஞ்சம் பலமாக டைப் அடித்தேன். எங்கள் வீட்டில் பள்ளிக்கூட வாசலை முதலில் மிதித்தவள் நான்தான். எஸ்.எஸ்.எல்.சி. தேறியவள். அப்பா திருச்சிச் சந்தையில் மூட்டை தூக்குகிறார், அம்மா ஆப்பம் விற்கிறாள் என்பதை ஸ்டூடியோவில் யாருக்கும் சொன்னதில்லை. யாரிடமும் போய் எதையும் கேட்டு நின்றதும் இல்லை. அது என் வீம்பு.

அதே மானேஜர்தான் என்னை இலங்கைக்கு அனுப்பினார். ஐரோப்பாவிலிருந்து ஒரு சினிமாக் கோஷ்டி பதுளையில் வந்து இறங்கியிருந்தது. எங்களிடம் விளக்குகளை வாடகைக்கு எடுத்தவர்கள், தமிழும் இங்கிலீஷும் தெரிந்த ஒரு டைப்பிஸ்டும் வேண்டும், பெண்ணாக இருந்தால் நல்லது என்று கேட்டிருந்தார்கள். அவர்களுடைய புரொடக்‌ஷன் மானேஜர் ஒரு பெண்ணாம். இதைச் சொல்லும்போது எங்கள் மானேஜர் சிரித்தார். புரொடக்‌ஷன் மானேஜர் என்றால் படத்துக்கு வேண்டிய ஆள், வண்டி, சாப்பாடு, ஆடு மாடு எல்லாவற்றையும் கொண்டுவந்து சேர்ப்பவர். நம் பக்கத்தில் அந்த வேலைக்குத் தொப்பையும் மீசையும் வேண்டும்.

பதுளையில் இறங்கியபோது தூறிக்கொண்டிருந்தது. ஸ்டேஷன் வாசலில் என் டிக்கெட்டைக் கேட்டு வாங்கிய குமாஸ்தா யாழ்ப்பாணத்துக்காரர். என் பெட்டியையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தார்.

"இந்தியாவிலயிருந்தோ வாறியள்? தனியவோ?"

ஆமாம் என்றேன்.

"அந்த வெள்ளைக்காரப் பொம்பிளையின்ரை ஆளோ? நேற்று முழுக்க இஞ்சை நிண்டு, சாமான் இறக்கிற ஆக்களோடை சண்டை பிடிச்சவா. பிறகு தானும் சேர்ந்து இறக்கினவா. கவனம், பிள்ளை."

பசித்தது. கடைத்தெருவில் ஒரு சைவக் கடையில் இடியாப்பம் சாப்பிட்டேன். உள்ளங்கை அகலத்தில் தட்டுத் தட்டாக அடுக்கி வைக்கிறார்கள். கூடவே மஞ்சளாய், தண்ணீராய், தேங்காய்ப் பால் மணக்கும் சொதி. சாம்பாரைத் தேடினேன். மூன்றாவது தட்டு வந்தபோது தேடுவதை விட்டுவிட்டேன்.

மறுநாள் தெமோதரைப் பக்கத்தில் படம் எடுக்கிற தேயிலைத் தோட்டத்துக்கு பஸ்ஸில் போனேன். பாதி வழியில் பஸ் நின்றுவிட்டது. முன்னால் ஒரு லொறி வளைவில் சரிந்து பாதையை அடைத்துக்கொண்டிருந்தது. லொறிக்கு அடியில் கால்சட்டை போட்ட இரண்டு கால்கள் தெரிந்தன. மெக்கானிக் என்று நினைத்து, "எவ்வளவு நேரமாகும்?" என்று கேட்டேன். வெளியே வந்தது ஐம்பது வயது மதிக்கத்தக்க ஒரு பெண். கழுத்தோடு வெட்டிய நரைமுடி, மூக்கில் மசி. என் கையைப் பிடித்துக் குலுக்கினார். என் கையும் மசி ஆயிற்று.

அவர்தான் மார்த்தா அம்மையார். படத்தின் புரொடக்‌ஷன் மானேஜர் மட்டுமல்ல, பாதிப் பணம் போட்டிருக்கும் தயாரிப்பாளரும் அவரே. லொறியை அவரே பின்னுக்கு எடுத்து, அவரே முன்னுக்குக் கொண்டுவந்தார். பஸ்ஸில் இருந்தவர்கள் கைதட்டினார்கள். ஒருவர் சத்தமாகச் சொன்னார்: "நம்ம டிரைவரு இத்தன நேரம் பீடிதான் குடிச்சாரு!"

மலைப்பாதை முழுக்க அம்மையார் தன் கதையைச் சொல்லிக்கொண்டே லொறி ஓட்டினார். பஸ்ஸிலிருந்து லொறிக்கு மாறிய நான் பக்கத்தில் உட்கார்ந்து கேட்டேன். ஆஸ்திரியாவில் ஒரு சின்ன ஊர். அப்பா படகுக்காரர். பதினைந்து வயதில் ஒரு போட்டோக் கடையில் வேலை. பிறகு நாடகக் கொட்டகையில் உடை தைத்தார். பிறகு சினிமாக் கொட்டகையில் டிக்கெட் கிழித்தார். ஒருநாள் ஒரு படக் கம்பெனிக்குள் நுழைந்து வேலை இருக்கிறதா என்றாராம். சூப் காய்ச்ச ஆள் வேண்டும் என்றார்களாம். காய்ச்சினார். உலக யுத்தத்துக்குப் பிறகு ஆண்கள் குறைந்துபோனதால் தானே கேட்டு லொறி ஓட்டினார். ஒரு படத்துக்காக ஊர் ஊராக, வீடு வீடாக அலைந்து வாத்துக்களைச் சேர்த்திருக்கிறார். பனிக்காலக் காட்சி எடுக்கவேண்டிய வருஷம் பனி பெய்யாததால், ஒரு தெரு முழுவதும் கோழி இறகைக் கொட்டியிருக்கிறார். சொந்தப் பணத்தில் எடுத்த முதல் படத்தை யாரும் பார்க்கவில்லை. வீடு போயிற்று. மறுவாரமே இன்னொருவர் படத்தில் பழையபடி சூப் காய்ச்சப் போய்விட்டாராம்.

"வெட்கமாக இல்லையா?" என்று கேட்டுவிட்டேன்.

"சூப் நன்றாக இருந்தது" என்றார்.

எனக்குப் பொறாமை பொங்கியது. ஒரு பெண்ணுக்கு இத்தனை வேலை கிடைக்குமா? அதிலும் சூப்பையும் டிக்கெட்டையும் பதக்கம் மாதிரி எடுத்துக் காட்டுகிறார். நான் அம்மாவின் ஆப்பக் கடையில் கல்லாப் பார்த்ததை வாய்க்குள் வைத்துப் பூட்டியிருக்கிறேன்.

அன்று தோட்டத்துத் தங்கும் வீட்டில் சாப்பிடும்போது அம்மையார் பொதுவாக ஒரு விஷயம் சொன்னார். இங்கே வேலை முடிந்ததும் கோஷ்டி மைசூர்க் காட்டுக்கு யானைக் காட்சிகள் எடுக்கப் போகிறது. அவருடைய உதவியாளர் நோய்ப்பட்டு ஊருக்குத் திரும்பிவிட்டார். "இங்கேயே ஒருத்தி கிடைத்தால் கூட்டிப் போவேன்."

என் கரண்டி அந்தரத்தில் நின்றது. அந்த ஒருத்தி நான்தான் என்று அப்போதே முடிவு செய்துவிட்டேன். வாயைத் திறந்து சொல்லவில்லை. என் வேலையைப் பார்த்தே அவருக்குத் தெரியட்டும் என்று இருந்தேன்.

இரண்டு நாள் எல்லாம் என் கையில் இருந்தது. லயங்களுக்குப் போனேன். வரிசையாக ஒட்டிக் கட்டிய ஒற்றை அறை வீடுகளுக்கு அங்கே அந்தப் பெயர். எந்த வாசலில் நின்றாலும், "வாங்க, தேத்தண்ணி குடிச்சிட்டுப் போங்க" என்கிறார்கள். பால் கிடையாது. உள்ளங்கையில் கொஞ்சம் சீனி தருகிறார்கள்; அதை நக்கிக்கொண்டே குடிக்க வேண்டும். கனத்த கோதுமை ரொட்டியும் மாசிக் கருவாடு போட்டு இடித்த சம்பலும் சாப்பிட்டேன். கண்ணில் நீர் வந்தது. "ஊருல இந்த உறைப்பு கிடையாதாக்கும்?" என்று ஒரு பெண் சிரித்தாள். அவள் பெயர் மாரியாயி. கொழுந்து எடுக்கும் பெண்களில் வாய் பெரியவள். அவள் பாட்டன் திருச்சிப் பக்கத்துத் துறையூர்க்காரர். அவளுக்குத் துறையூர் தெரியாது, எனக்குத் தெரியும். அதற்காக எனக்கு இன்னொரு ரொட்டி கிடைத்தது. அதே தேயிலை நம் ஊர்க் கடையில் இதைவிட நன்றாக இருப்பது ஏன் என்று கேட்டேன். "நல்லதெல்லாம் கப்பல்ல போயிருதுல்ல. எங்களுக்குத் தூளு" என்றாள்.

மூன்றாம் நாள் பரமேஸ்வரி வந்து சேர்ந்தாள்.

பதுளையில் வேலை பார்க்கும் யாழ்ப்பாணத்து டாக்டரின் மகள். பெண்கள் பள்ளிக்கூடத்தில் டீச்சர், அப்போது விடுமுறை. சிங்களம் தெரிந்த ஆள் வேண்டும் என்று அம்மையாரே வரவழைத்திருந்தார். அவள் இங்கிலீஷ் பேசினால் தண்ணீர் ஓடுகிற மாதிரி இருக்கிறது. நான் பேசினால் படியேறுகிற மாதிரி இருக்கும். அவளிடம் மூங்கில் பிடி வைத்த குடை ஒன்று இருந்தது. என்னைப் பார்த்துத் தாராளமாகச் சிரித்தாள். அந்தச் சிரிப்பும் எனக்குப் பிடிக்கவில்லை.

"நீங்கள் இந்தியாவிலை சினிமாவிலையோ? எனக்கும் ஒருக்கா எல்லாத்தையும் காட்டித் தாங்கோவன்" என்றாள்.

"பாத்தாத் தெரியும்" என்றேன்.

சாப்பாட்டு நேரத்தில் அவள் அம்மையாருக்குப் பக்கத்தில் உட்கார்ந்தாள். வாத்துக் கதையை அவளுக்கும் சொன்னார். அது எனக்குச் சொன்ன கதை. அவளுக்குச் சொல்லும்போது வாத்துக்கள் இன்னும் அதிகமாக இருந்ததாக எனக்குப் பட்டது.

நான்காம் நாள் பெரிய காட்சிக்கு ஏற்பாடு நடந்தது. ஒரு மலை முழுவதும் பெண்கள் வேலை நாள் மாதிரியே இடுப்பில் சாக்கும் முதுகில் கூடையுமாகக் கொழுந்து எடுக்க வேண்டும். நடுவே கதாநாயகி குதிரையில் வருவாள். தோட்டத்துத் துரை ஒரு காலைப் பொழுதுக்கு மட்டும் சம்மதித்திருந்தார். அம்மையார் எங்கள் இருவரையும் அனுப்பினார். மேல் லயங்களுக்கு நான், கீழ் லயங்களுக்குப் பரமேஸ்வரி.

நான் வாசல் வாசலாக, "நாளைக்குக் காலையில படம் பிடிக்கிறாங்க. எல்லாரும் வந்துருங்க" என்று சொன்னேன். எல்லோரும் வருகிறோம் என்றார்கள். முகத்தில் வெளிச்சம். எனக்குப் பெருமையாக இருந்தது.

மறுநாள் விடிந்தும் விடியாமலும் மலையில் காத்திருந்தோம். பனிமூட்டம் விலகியதும் கீழ்ப் பாதையில் ஒரு கூட்டம் தெரிந்தது. முதலில் நிறம்தான் தெரிந்தது. பச்சைப் பட்டு, அரக்குப் பட்டு, தலை நிறையக் கனகாம்பரம், கன்னத்தில் பவுடர். குழந்தைகளுக்குத் தொப்பி. ஒருத்தியிடமும் கூடை இல்லை. டைரக்டர் தொப்பியைக் கழற்றிக் கீழே போட்டார்.

கீழ் லயத்துக் கூட்டம் அது. பரமேஸ்வரியின் ஆட்கள். எனக்கு உண்டான சந்தோஷத்தை எப்படி எழுதுவது? டாக்டர் மகளுக்குச் சொல்லத் தெரியவில்லை பார் என்று மனம் துள்ளியது. அவள் வாயில் கைவைத்து, "ஐயோ, என்ன கோலம் இது!" என்றாள். நான் மேல் பாதையைப் பார்த்துத் திரும்பினேன், என் ஆட்கள் கூடையோடு வருகிற அழகை எல்லோரும் பார்க்கட்டும் என்று.

என் ஆட்களும் வந்தார்கள். கீழ் லயத்தை விட எடுப்பாக. முன்னால் மாரியாயி, கழுத்தில் இரவல் சங்கிலியோடு. அவளுக்குப் பின்னால் அவள் புருஷன், அந்த மலையில், அந்தக் காலையில், கறுப்புக் கோட்டில்.

"மாரியாயி, கூடை எங்க?" என்றேன்.

"கூடையா? படம் பிடிக்கிற அன்னைக்குக் கூடையா? நல்லா இருக்கே கத!"

பிறகுதான் யோசித்தேன். பதுளை டவுனிலிருந்து எப்போதாவது போட்டோக்காரர் வருவது கல்யாணத்துக்குத்தான். படம் பிடிக்கிறார்கள் என்றால் உள்ளதில் நல்லதை உடுத்தி, இல்லாததை இரவல் வாங்கிப் போட்டுக்கொண்டு நிற்பது அவர்கள் வழக்கம். எங்கள் தெருவிலும் அப்படித்தான். வேறு எப்படி நிற்பது?

அவர்களை வேலை வாங்கும் கங்காணி அதட்டினார். "போயி மாத்திக்கிட்டு வாங்கடி! துரை பாத்தா என்னைய கொன்னுருவாரு!"

மாரியாயி அசையவில்லை. "கங்காணியாரே, செத்த இருங்க" என்றவள் என் பக்கம் திரும்பினாள். "ஏம்மா, இந்தப் படம் ஊருலயும் ஓடுமில்ல? எங்கம்மாவும் தம்பியும் ஊருக்கு, திருச்சிக்கே போயிட்டாங்க. எங்களுக்கு அங்கிட்டுப் போகவும் வழியில்ல, இங்கிட்டு இருக்கவும் பிரஜா உரிமையில்லங்கிறாங்க. எங்கம்மா காசு குடுத்துக் கொட்டகையில உக்காந்து, மக இடுப்புல சாக்கக் கட்டிக்கிட்டு மழையில நிக்கிறதையா பாக்கணும்?"

எனக்குப் பள்ளிக்கூடக் குரூப் போட்டோ ஞாபகம் வந்தது. அன்று அம்மா பக்கத்து வீட்டு ரவிக்கையை வாங்கி, பின்பக்கம் ஊக்குக் குத்தி எனக்குப் போட்டுவிட்டாள். அசையாதே, அசையாதே என்று வாசல் வரை சொல்லிக்கொண்டே வந்தாள். மாரியாயி சொன்னதை அப்படியே இங்கிலீஷில் அம்மையாரிடம் சொன்னேன். படியேறுகிற இங்கிலீஷ்தான். ஒரு படியும் விடவில்லை. ரவிக்கையைப் பற்றிச் சொல்லவில்லை.

அம்மையார் மாரியாயி புருஷனின் கோட்டைப் பார்த்துக்கொண்டே நின்றார்.

"அது யாருடைய கோட்டு?"

தமிழில் திருப்பிக் கேட்டேன். கங்காணிதான் பதில் சொன்னார். "நாலு லயத்துக்கும் அது ஒண்ணுதாங்க மாப்பிள்ள கோட்டு. எனக்கும் அதுதான் போட்டாங்க. அப்ப வயித்துல பொத்தான் மாட்டுச்சு."

நான் இங்கிலீஷில் சொன்னதும் அம்மையார் அந்த மலை அதிரச் சிரித்தார். "இந்தக் கோட்டை எனக்குத் தெரியும்" என்றார். அவர் வேலை பார்த்த போட்டோக் கடையில் ஆணியில் ஒரு கோட்டு தொங்குமாம். படம் எடுக்க வருகிற படகுக்காரரும் கசாப்புக்காரரும் அதைத்தான் போட்டுக்கொள்வார்களாம். அவர் அப்பாவும் அந்தக் கோட்டில்தான் படத்தில் இருக்கிறாராம். அந்த ஊரில் எந்த வீட்டுச் சுவரைப் பார்த்தாலும் ஒரே கோட்டாம்.

"எங்கட வீட்டிலை படம் எடுக்கேக்கை நாய்க்கும் ரிப்பன் கட்டுவம்" என்ற பரமேஸ்வரி அதை இங்கிலீஷிலும் சொன்னாள். அம்மையார் மறுபடி சிரித்தார். நான் ரவிக்கையைச் சொல்லியிருக்கலாம். நேரம் போய்விட்டது.

அம்மையார் தங்கள் போட்டோக்காரரைக் கூப்பிட்டார். ஒவ்வொரு குடும்பமாக நிறுத்திப் படம் எடுக்கச் சொன்னார். டைரக்டர் குதித்தார்: வெளிச்சம் போகிறது, காசு போகிறது, பைத்தியமா உனக்கு?

"வெளிச்சம் நாளைக்கும் வரும். இவர்கள் முறைத்துக்கொண்டு போனால் வரமாட்டார்கள்" என்றார் அம்மையார்.

தேயிலைச் செடிகளுக்கு நடுவே குடும்பம் குடும்பமாக நின்றார்கள். கறுப்புக் கோட்டு ஆள் மாறி ஆள் மாறிப் போயிற்று. சிலருக்குத் தோளில் தொங்கியது. சிலருக்கு முழங்கையோடு நின்றது. சிரிக்கச் சொன்னால் யாரும் சிரிக்கவில்லை. படம் எடுத்து முடிந்ததும் எல்லோரும் சிரித்தார்கள். பிறகு லயங்களுக்குப் போய், சாக்கைக் கட்டிக்கொண்டு கூடையோடு திரும்பினார்கள். மாரியாயி என்னைத் தாண்டிப் போகும்போது, "இப்ப எடுத்துக்கச் சொல்லுங்க. இது அந்த வெள்ளக்காரம்மாவுக்காக" என்றாள்.

அதற்குள் பாதிப் பொழுது போயிருந்தது. நினைத்ததில் இரண்டு காட்சிதான் எடுக்க முடிந்தது, பனி மூடிவிட்டது. டைரக்டர் அன்று சாப்பாட்டு மேஜையில் அம்மையாரோடு பேசவில்லை. அவர் தொடாமல் வைத்த புட்டிங்கையும் அம்மையாரே சாப்பிட்டார்.

பதுளையில் கழுவிய படங்களை நானும் பரமேஸ்வரியும் லயங்களில் கொடுத்தோம். மாரியாயி தன் படத்தை வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

"கொஞ்சம் கறுப்பா விழுந்துட்டேன்."

"உள்ளதுதான விழும்" என்றான் புருஷன். அவன் முதுகில் ஒன்று விழுந்தது. படத்தை என்னிடம் கொடுத்து, திருச்சியில் தன் அம்மா கையில் சேர்க்கச் சொன்னாள். திரும்பும் வழியில் சேர்த்துவிட்டேன்.

கடைசி நாள் பதுளை ஸ்டேஷனில் அம்மையாரும் பரமேஸ்வரியும் என்னை வழியனுப்ப வந்தார்கள். மழை. மூவருக்கும் அந்த மூங்கில் பிடிக் குடைதான். அப்போதுதான் அம்மையார் சாதாரணமாகச் சொன்னார், மைசூருக்குப் பரமேஸ்வரி வருகிறாள் என்று.

எனக்கு ஸ்டேஷன் கொஞ்சம் சாய்ந்தது.

"அவளா? ஏன்?" என்றேன்.

"அவள் கேட்டாள். வந்த அன்றைக்கே கேட்டாள். நீயும் கேட்பாய் என்று பார்த்தேன். மாரியாயி சொன்னதை நீ ஒரு சொல் விடாமல் சொன்னாயே, அன்றைக்குக் கூடப் பார்த்தேன். நீ கேட்கவில்லை. விருப்பமில்லை என்று நினைத்துக்கொண்டேன்."

பரமேஸ்வரியைப் பார்த்தேன். "அப்பா விடுறாரா?"

"அவரையும் கேட்டனான். மூண்டு நாள் என்னோடை கதைக்கேல்லை. பிறகு பெட்டி வாங்கித் தந்தவர்" என்றாள். அந்த அப்பா மேலும், அந்தப் பெட்டி மேலும்கூட எனக்குப் பொறாமை வந்தது.

தெமோதரையில் ரயில் மலையைச் சுற்றித் தன் பாதைக்கு மேலேயே ஏறும்போது ஜன்னலோரம் உட்கார்ந்து கணக்குப் போட்டேன். சூப் வேலை கேட்டு வாங்கியது. லொறி கேட்டு வாங்கியது. வாத்துக்களைக்கூட வீடு வீடாகக் கேட்டிருக்கிறார். அம்மையாரின் எல்லாக் கதைகளும் ஒரு கதவைத் தட்டித்தான் தொடங்கியிருக்கின்றன. நான் கதையைக் கேட்டேன், கதவைக் கவனிக்கவில்லை. பொறாமை தீர்ந்ததா என்றால், இல்லை. மைசூரில் இப்போது அவள் யானையைப் பார்த்துக்கொண்டிருப்பாள் என்று நினைத்தால் இன்றைக்கும் சோறு இறங்குவதில்லை.

சென்னைக்கு வந்த மறுநாள் மானேஜர் அறைக்குள் கூப்பிடாமலே போனேன்.

"கேமராவுக்குப் பின்னாடி எனக்கு ஒரு வேலை குடுங்க, சார்."

வெற்றிலை மெல்லுவது நின்றது. "டைப் யாரும்மா அடிப்பா?"

"அதுக்கு ஒரு ஆளைப் பாருங்க. எங்கம்மா ஆப்பக் கடையில எட்டு வயசுலேர்ந்து கூட்டத்தைச் சமாளிச்சவ நான். இது என்னால முடியும்."

வெற்றிலையைத் துப்பிவிட்டு வந்தார். "பொள்ளாச்சியில சந்தைக் காட்சி. மாட்டு வண்டி நெறைய வேணும். போன ஆளு காய்ச்சல்ல படுத்துட்டான். போறியா?"

இதைப் பொள்ளாச்சியிலிருந்து எழுதுகிறேன். வண்டிக்காரர்களை எல்லாம் பார்த்துப் பேசிவிட்டேன். அழுக்கு வேட்டியோடு, சாணிச் சக்கரத்தோடு, அன்றாடம் வருகிற மாதிரியே வரவேண்டும் என்று ஆளாளுக்குச் சொன்னேன். எல்லோரும் தலையாட்டினார்கள். ஒருவர் மட்டும், "மாட்டுக் கொம்புக்கு வர்ணம் அடிச்சுக்கலாமில்லீங்க?" என்று கேட்டார்.

நாளைக் காலை என்ன வந்து நிற்கும் என்று எனக்குத் தெரியும். வரட்டும். கடைத்தெருப் போட்டோக்காரரிடம் போய், வெயில் வருவதற்கு முன்னாலேயே வந்துவிடும்படி கேட்டுக்கொண்டு வந்துவிட்டேன். அவர் கடைச் சுவரில் ஆணியில் ஒரு கறுப்புக் கோட்டு தொங்கியது. அதையும் எடுத்துவரச் சொல்லியிருக்கிறேன்.